படத்தொகுப்பும் சமய நம்பிக்கையும்: சப்பிரகமுவ முஸ்லிம்களை முன்னிறுத்திச் சில குறிப்புகள்

எம்மிடையே திரைப்படம் பற்றிய ஆய்வு என்பது பெரும்பாலும் கதைப்படம் பற்றிய ஆய்வாகவே இருந்து வந்துள்ளது. தமிழ்த் திரைப்படத்தை அரசியல் தொடர்புச் சாதனம் என்ற வகையில் நோக்கிப் பேராசிரியர் கா. சிவத்தம்பி 1981 இல் வெளியிட்ட நூல் இத்துறையில் ஒரு வழியைத் திறந்துவிட்டது. எனினும் அவ்வழியிற் சென்றோர் ஆவணப்படத்தின் பக்கம் அதிகம் திரும்பவில்லை. ஆவணப்படம் உள்ளதை உள்ளவாறு பதிவுசெய்வது, எனவே அதில் ஆராய்வதற்குரிய ஆக்கத்தொழில் குறைவு என்ற எண்ணமே இதற்குக் காரணம் எனலாம். இவ்வெண்ணம் தவறானது. படப்பிடிப்பாளர் களத்திலிருந்து கொண்டுவரும் பல மணித்தியாலப் பதிவில் ஒரு மணித்தியாலம் மட்டுமே பார்வையாளரை அடைகின்றது. எது எஞ்சும், எது கழியும், எஞ்சியவற்றுள் எது எதற்கு அடுத்து வரும், எவருடைய முகத்தின்மீது எவருடைய குரல் ஒலிக்கும் என்பன யாவும் தொகுப்பு மேசையிலேயே தீர்மானிக்கப்படுகின்றன. கதைப்படத்தில் இத்தெரிவைப் பார்வையாளர் ஓரளவு உணர்வர். ஆவணப்படத்திலோ அது மறைந்து நின்று, ‘நடந்தது இதுவே’ என்ற தோற்றத்தைப் பெற்றுவிடுகின்றது. கருத்துநிலை தன்னைக் கருத்துநிலையென்று காட்டிக்கொள்ளாத இடத்திலேதான் வலிமையாகத் தொழிற்படும் என்பது இவ்விதழின் வாசகர்க்குப் புதிய செய்தியன்று.

சமய நம்பிக்கை, இன அடையாளம் ஆகியவை பற்றிய படங்களில் இப்பிரச்சினை மேலும் கூர்மை அடைகின்றது. குறிப்பாக இலங்கை முஸ்லிம்கள் தொடர்பில் இது இன்று ஏட்டுப் பிரச்சினையாக இல்லை. 2019 ஏப்ரில் 21 இல் நிகழ்ந்த குண்டுவெடிப்புகளின் பின் இந்நாட்டு முஸ்லிம்களை நோக்கிக் கமராக்கள் திரும்பிய வேகத்தை நாம் அறிவோம். சந்தேகத்தோடு வந்த கமராவும் உண்டு. அனுதாபத்தோடு வந்த கமராவும் உண்டு. 2020 இல் கொவிட் தொற்றினால் இறந்தோரின் உடல்களை எரித்தே ஆகவேண்டும் என அரசு விதித்து, 2021 பெப்ரவரியில் அதனைத் தளர்த்தும் வரையுள்ள காலத்தில் அனுதாபக் கமராக்களின் தொகை கூடியது. இவ்விரு வகைக் கமராக்களும் கொண்டுவந்த காட்சித்துண்டுகளைத் தொகுப்பு மேசையிலே அருகருகே வைத்து நோக்கின், அவை வியப்பூட்டும் அளவுக்கு ஒன்றுபோல இருக்கக் காணலாம். மினாரா, பாங்கொலி, வரிசையாகக் குனியும் முதுகுகள், தஸ்பீஹ் மணியை உருட்டும் விரல்கள், கறுப்பு அபாயா. ஒரே பாங்கொலி ஒரு படத்தில் அச்சத்தை எழுப்பும். மற்றொன்றில் அமைதியை எழுப்பும். ஒரு நடிகரின் மாறாத முகத்தைச் சூப்பக்கிண்ணத்தோடும் சவப்பெட்டியோடும் மாற்றி மாற்றி ஒட்டிய கூலெஷோவின் பரிசோதனையைத் திரைப்பட மாணவர் அறிவர். இங்கே அந்த முகத்தின் இடத்தில் ஒரு சமூகம் வைக்கப்பட்டுள்ளது.

இரத்தினபுரி, கேகாலை மாவட்டங்களை உள்ளடக்கிய சப்பிரகமுவவை நாம் தெரிவுசெய்தமைக்குக் காரணம் உண்டு. மத்திய மலைநாட்டைப் போலத் தோட்டங்கள் இடையறாது பரந்து கிடக்கும் நிலமன்று இது. தேயிலையும் றப்பரும் சிங்களக் கிராமங்களுடன் ஊடும் பாவுமாகக் கலந்து கிடக்கின்றன. லயன்களில் இந்திய வம்சாவளித் தமிழ்த் தொழிலாளர்; கிராமத்தில் சிங்கள விவசாயி; கடைவீதியில் முஸ்லிம் வணிகர்; இரத்தினக்கல் அகழும் குழியில் ஒருவர், கல்லை விலைபேசும் திண்ணையில் வேறொருவர். இந்த உறவுமுறையிலேதான் இங்குள்ள முஸ்லிம்களின் சமய வாழ்வு காலூன்றி நிற்கின்றது. லயனிலுள்ள தொழிலாளி முஸ்லிமை முதலிற் சந்திப்பது பள்ளிவாசலில் அன்று, கடையிலே. கடன் கொப்பியில் எழுதப்பட்ட அரிசியும் கருவாடும் சம்பள நாளிலே தீர்க்கப்படும் அல்லது தீர்க்கப்படாது அடுத்த மாதத்துக்குச் செல்லும். கிராமத்துச் சிங்களவருக்கும் பல இடங்களில் இதுவே நிலை. 1915 இல் மூண்ட கலவரம் சப்பிரகமுவவுக்கும் பரவியபோது கரையோரச் சோனகரின் கடைகளே முதலில் இலக்காயின. போர்க்காலத்து விலையேற்றமும் கடன்சுமையும் தந்த வெறுப்பு எவ்வாறு சமயப் பகையின் வடிவை மேற்கொண்டது என்பதைக் குமாரி ஜயவர்த்தன 1970 இல் வெளியிட்ட ஆய்விலே விளக்கியுள்ளார். மாவனல்லையில் 2001 இல் நிகழ்ந்ததையும் கடைவீதியை விட்டு விளங்கிக்கொள்ள இயலாது.

முஸ்லிம்கள் அனைவரும் வணிகர் என்ற கருத்து இதனாற் பெறப்படாது. சிறுதொகையினராயினும் தோட்டங்களிலே கூலிகளாக வந்துசேர்ந்த இந்திய முஸ்லிம்களும் இருந்தனர். 1948 ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் அவர்களையும் நாடற்றவராக்கியது. அடுத்த ஆண்டு நிறைவேறிய சட்டத்தின் பெயரே ‘இந்திய, பாகிஸ்தானிய வதிவோர்’ என்று இருந்தமை மனங்கொள்ளத்தக்கது. மலையகம் பற்றிய எமது எழுத்துகளில் இவர்களுக்கு இடமில்லை. முஸ்லிம்கள் பற்றிய எழுத்துகளிலும் இடமில்லை.

இந்நிலத்தைக் காட்டிய ஆவணப்படங்களுள் உலகப்புகழ் பெற்றது பேசில் ரைட் இயக்கிய ‘இலங்கையின் பாடல்’ ஆகும். 1934 இல் வெளியான இப்படத்துக்குப் பணம் வழங்கியது இலங்கைத் தேயிலைப் பிரசாரச் சபை. தயாரித்தவர் ஜோன் கிரியர்சன். இசையமைத்தவர் வோல்டர் லீ. 1681 இல் வெளிவந்த றொபேட் நொக்ஸின் நூலிலிருந்து எடுத்த பகுதிகளை லயனல் வென்ட் வாசிக்கிறார். நான்கு பகுதிகளாக அமைந்துள்ள படத்தின் முதற்பகுதிக்குப் ‘புத்தர்’ என்று பெயர். அதன் மையம் சப்பிரகமுவவின் எல்லையில் நிற்கும் சிவனொளிபாத மலைக்கு யாத்திரிகர் ஏறுவது. உச்சியில் விடிகிறது, ஒருவர் மணியை ஒலிக்கிறார், அம்மணியோசை மலையிலிருந்து கீழிறங்கிப் பள்ளத்தாக்குகளின் மேலும் நீரின் மேலும் பறக்கும் பறவையின் மேலும் பரவிச்சென்று புத்தர் சிலைகளில் அடங்குகின்றது. திரைப்பட வரலாற்றில் ஒலியும் காட்சியும் இணைந்த தொகுப்புகளுள் இது தலைசிறந்தவற்றுள் ஒன்று என்பதை நாமும் ஏற்கிறோம். அதன் அழகில் ஈடுபடாத ஒருவர் அதனை விமர்சிக்கத் தகுதியற்றவர்.

ஆயினும் அம்மணியோசை செய்யும் காரியம் யாது? மலையையும் நீரையும் பறவையையும் சிலையையும் ஒரே நம்பிக்கையின் உறுப்புகளாக அது கோத்துவிடுகின்றது. சிங்கள பௌத்தருக்கு அம்மலை ஸ்ரீ பாத, தமிழருக்குச் சிவனொளிபாதம், முஸ்லிம்களுக்குப் பாவாத மலை, ஆதி பிதா ஆதத்தின் காலடி பதிந்த இடம். 1344 இல் இப்னு பதூதா அம்மலையில் ஏறியபோது ஆதத்தின் பெயராலும் ஹவ்வாவின் பெயராலும் இரு பாதைகள் வழங்கின. முஸ்லிம் யாத்திரிகருக்கு அவ்வழியைத் திறந்தவராக, பத்தாம் நூற்றாண்டில் வாழ்ந்த சீராஸ் நகரத்து ஞானி இப்னு கபீபை அவர் குறிப்பிடுகிறார். ரைட்டின் மணியோசை கோக்கும் சரத்தில் இவற்றுக்கு இடமில்லை. அவர் முஸ்லிம்கள்மீது பகைகொண்டவர் என்று நாம் கூறவில்லை. தொன்மையும் தூய்மையும் மாறாமையும் உடைய ஒரு கீழைத்தேயத்தை அவருடைய கண் தேடியது. அத்தகைய கீழைத்தேயத்துக்கு ஒரு மலை, ஒரு தெய்வம் போதும். ஒரே மலையை நான்கு சமயத்தவர் பங்கிட்டுக்கொள்ளும் வழக்கமானது வணிகக் கப்பல்களும் குடிப்பெயர்வும் அரசியலும் தந்த வரலாற்று விளைவு. வரலாறு புகுந்தால் மாறாமை கலைந்துவிடும்.

இனி அதே படத்தின் மூன்றாம் பகுதியை நோக்குக. ‘வணிகத்தின் குரல்கள்’ என்பது அதன் பெயர். தென்னையில் ஏறும் மனிதனையும் கொழுந்து பறிக்கும் பெண்களையும் நாம் காண்கிறோம். காதில் விழுவனவோ இலண்டன் சந்தை விலைகள், தந்திகள், வியாபாரக் கடிதங்களின் சம்பிரதாய முடிவுரைகள். காட்சியில் உழைப்பவரின் உடல், ஒலியில் மூலதனத்தின் பேச்சு. தேயிலைச் சபையின் பணத்திலே எடுக்கப்பட்ட படத்துக்குள் இவ்வளவு கூரிய ஒட்டு எவ்வாறு நுழைந்தது என்பது தனியே ஆராயத்தக்கது. எமது வாதத்துக்கு வேண்டியது இதுவே: உழைப்பவரின் உடலின்மேல் சந்தையின் குரலை ஒட்டத் தெரிந்த அதே கைகள், யாத்திரிகரின் உடலின்மேல் அக்குரலை ஒட்டவில்லை. மலையேறுபவர் எங்கே வேலை செய்கிறார், எத்தனை நாட் சம்பளத்தை விட்டு வந்திருக்கிறார், வழிச்செலவுக்கு எவரிடம் கடன்பட்டார் என்பன முதற்பகுதியினுள் வரமாட்டா. கொழுந்து பறிக்கும் பெண் எந்தத் தெய்வத்துக்கு நேர்ந்திருக்கிறாள் என்பது மூன்றாம் பகுதியினுள் வராது. பகுதிகளுக்கு இடையேயுள்ள அந்த வெட்டுத்தான் படத்திலுள்ள மிகப்பெரிய வெட்டு. சமயத்துக்கு ஓர் அறை, உழைப்புக்கு வேறோர் அறை.

இதனைக் குடியேற்றவாதக் கண்ணின் குறை என்று மட்டும் சொல்லி அப்பாற் செல்வது எமக்கு வசதியாக இருக்கும். அவ்வாறு செல்ல இயலாது. அதே 1934 இல் சோவியத் நாட்டில் சிகா வேர்த்தவ் ‘லெனினைப் பற்றிய மூன்று பாடல்கள்’ என்ற படத்தை வெளியிட்டார். அதன் முதற் பாடல் மத்திய ஆசிய முஸ்லிம் பெண்களைப் பற்றியது. முகத்திரையும் தொழுகையும் இருளாகக் காட்டப்படுகின்றன, திரை விலகுகின்றது, பெண் எழுத்தறிகிறாள், உழவு யந்திரம் வருகின்றது. இருளிலிருந்து ஒளிக்கு ஒரே வெட்டு. அப்பெண்கள் பெற்ற கல்வியையும் உரிமையையும் குறைத்து மதிப்பிடுவோர் நாமல்லர். ஆனால் 1927 முதல் உஸ்பெக்கிஸ்தானில் நடத்தப்பட்ட முகத்திரை நீக்கும் இயக்கத்தின்போது, திரையை விலக்கிய பெண்கள் பலர் தம் சொந்த ஊராராலேயே கொல்லப்பட்டனர். வேறு பலர் அஞ்சி மீண்டும் திரையை அணிந்தனர். அவ்வளவும் அந்த ஒரு வெட்டின் இடுக்கினுள் மறைந்துகிடக்கின்றன. நம்பிக்கையை நீங்கவேண்டிய ஒரு நிலையாக மட்டும் கருதும் முற்போக்காளர், நம்பிக்கையாளரின் பேச்சை முழுமையாகக் கேட்கும் பொறுமையை இழந்துவிடுகிறார். மார்க்சையே நாம் இவ்வாறுதான் தொகுத்து வைத்திருக்கிறோம். சமயம் பற்றி அவர் 1844 இல் எழுதிய பந்தியிலிருந்து ‘அபின்’ என்ற ஒரு சொல்லை வெட்டியெடுத்து, அதற்குமுன் அவர் துன்பத்தைப் பற்றியும் அத்துன்பத்துக்கு எதிரான முறைப்பாட்டைப் பற்றியும் சொன்னவற்றைத் தரையிலே விட்டுவிட்டோம்.

சப்பிரகமுவவுக்கு மீள்வோம். பலாங்கொடையிலிருந்து கல்தொட்டவுக்குச் செல்லும் வீதி, தேயிலைச் சரிவுகளைக் கடந்து உலர்வலயத்தை நோக்கி இறங்கும் இடத்தில் கூரகல உள்ளது. அங்குள்ள பாறைக்குகைகளில் முஹியித்தீன் அப்துல் காதிர் ஜெய்லானி அவர்கள் தவமிருந்தார்கள் என்பது முஸ்லிம்களின் நம்பிக்கை. தலத்தின் பெயர் தப்தர் ஜெய்லானி. 19 ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலே பிரசித்தி பெற்ற இத்தலத்தில் 1922 இல் பள்ளிவாசல் எழுந்தது. பாராளுமன்றத்தில் பலாங்கொடையின் பிரதிநிதியாக விளங்கிய எம்.எல்.எம். அபூசாலி இதன் வரலாற்றை 2002 இல் ஆங்கில நூலாக எழுதினார். ஆண்டுதோறும் றபீஉல் ஆகிர் மாதத்தில் கொடியேற்றமும் கந்தூரியும் நிகழும். அதே பாறைகளில் கிறிஸ்துவுக்கு முற்பட்ட பிராமிக் கல்வெட்டுகளும் உள்ளன. தொல்பொருட் பிரதேசம் என்ற உரிமைகோரல் நெடுநாளாக இருந்துவந்தது. 2013 இல் கூரகலவை ‘மீட்கும்’ இயக்கமாக அது கூர்மையடைந்தது. 2022 இல் அரச வெசாக் விழாவுக்குரிய தலமாகக் கூரகல தெரிவுசெய்யப்பட்டது. 2016 இல் இத்தலம் தொடர்பாக இஸ்லாத்தை நிந்தித்துப் பேசியமைக்காகப் பிக்கு ஒருவருக்குக் கொழும்பு மேல் நீதிமன்றம் 2024 மார்ச்சில் சிறைத்தண்டனை விதித்தமையும் வாசகர் அறிந்ததே.

இத்தலத்தைப் பற்றித் தொலைக்காட்சியிலும் இணையத்திலும் காணக்கிடைக்கும் பதிவுகளைப் பெரும்பாலும் இருவகையில் அடக்கலாம். முதல்வகை கல்வெட்டின் அண்மைக்காட்சியில் தொடங்கும். எழுத்துகளின்மேல் கமரா மெல்ல நகரும். பின்னணியில் வரலாறு உரைக்கும் குரல். திடீரெனப் பச்சைக் கொடியும் சீமெந்துக் கட்டடமும். கல்லுக்கும் சீமெந்துக்கும் இடையே விழும் வெட்டு, ‘முன்னர் இருந்தது, பின்னர் நுழைந்தது’ என்ற வாக்கியத்தைச் சொல்லாமலே சொல்லிவிடுகின்றது. கல்வெட்டுக் காலத்துக்கும் இன்றைய விகாரைக்கும் இடையிலும் நூற்றாண்டுகள் பல கிடக்கின்றன. அந்த இடைவெளி வெட்டப்படாது, ஒட்டப்படும். ஓர் இடைவெளியைப் பிளவாகவும் மற்றோர் இடைவெளியைத் தொடர்ச்சியாகவும் காட்டுவதற்குப் பொய்யான ஒரு காட்சித்துண்டேனும் தேவையில்லை.

இரண்டாவது வகை பக்திப் படம், அல்லது வெளியாரின் அனுதாபப் படம். இதன் உச்சம் எப்பொழுதும் றிபாய் றாத்திபு. பக்கீர் பாவாக்கள் இரும்புக் கம்பியையும் கத்தியையும் தம் உடலிற் செலுத்தும் காட்சியை விட்டுவிட எந்தத் தொகுப்பாளருக்கும் மனம் வராது. ஆனால் அக்காட்சி படத்தில் எவ்வாறு வருகின்றது? கம்பி ஏறும் கணம், பார்ப்போரின் விரிந்த கண்கள், மீண்டும் கம்பி. றபான் ஒலிக்க நெடுநேரம் நீளும் பைத், கலீபாவிடம் அனுமதி கேட்டுக் குனியும் தலை, களைப்பு, இடையிடையே அருந்தும் தேநீர் ஆகியன கழிந்துவிடுகின்றன. றாத்திபின் பொருள் அந்தக் காத்திருப்பிலேதான் தங்கியுள்ளது. அதை நீக்கியபின் எஞ்சுவது வித்தை. பாவாக்களிற் பலர் கிழக்கிலிருந்து வரும் வறியவர்கள். சமூகத்துள் அவர்களுடைய மதிப்பு யாது, இங்கிருந்து எவ்வாறு ஊர் திரும்புகிறார்கள், ஆண்டின் எஞ்சிய மாதங்களில் எதனால் வயிறு வளர்க்கிறார்கள் என்று கேட்கும் தொகுப்பை நாம் இன்னும் காணவில்லை. கந்தூரிச் சோற்றை ஆக்குபவர், சட்டி கழுவுபவர், விறகு பிளப்பவர் ஆகியோரும் அவ்வாறே. படத்தில் சஹனைச் சுற்றி அமர்ந்து உண்பவரே உளர்.

இதற்குமேல் இன்னொன்றும் உண்டு. சியாரத்தையும் கந்தூரியையும் இஸ்லாத்துக்குப் புறம்பானவையென்று கண்டிக்கும் தௌஹீத் சிந்தனை கடந்த சில தசாப்தங்களில் முஸ்லிம்களிடையே வலுப்பெற்றுள்ளது. ஆகவே ஜெய்லானி வெளியிலிருந்தும் உள்ளிருந்தும் கேள்விக்குள்ளாகும் தலம். முஸ்லிம்களுக்கு ஆதரவான படத்தை எடுப்பவர் இவ்வுட்பூசலைக் காட்டினால் பகைவருக்கு ஆயுதம் கொடுத்ததாகும் என அஞ்சுகிறார். அவ்வச்சம் நியாயமானது. ஆயினும் அதனால் விளையும் படம் ‘முஸ்லிம் சமூகம்’ என்ற ஒற்றை உருவத்தையே மீளவும் நிறுவுகின்றது; பகைவரின் படமும் அவ்வொற்றை உருவத்தையே வேண்டிநிற்கின்றது. கொழும்பில் மாணிக்கம் ஏற்றுமதி செய்யும் முதலாளிக்கும், பலாங்கொடைக் கடையிற் சிப்பந்தியாக நிற்கும் இளைஞனுக்கும், கிழக்கிலிருந்து வந்த பாவாவுக்கும் ஒரே நம்பிக்கை ஒரே பொருளைத் தருவதில்லை. அதனை மூவரும் அறிவர்.

இதற்கு மாறான வழி உண்டா என்று தேடுமிடத்து, தமிழ்பேசும் முஸ்லிம்கள் பற்றித் தமிழகத்தில் எடுக்கப்பட்ட இரு படங்கள் எமக்கு உதவுகின்றன. ஒன்று, கவிஞர் சல்மாவைப் பற்றிக் கிம் லொங்கினோட்டோ எடுத்த ‘சல்மா’ (2013). பருவமடைந்தபின் வீட்டினுள் அடைக்கப்பட்ட சிறுமி, திருமணத்தின்பின் ஒளித்து எழுதிய கவிதைகள், துவரங்குறிச்சியிலிருந்து வெளியுலகுக்கு வந்த பெண். உருக்கமான படம். சல்மா தம் தாயோடும் கணவரோடும் பேசும் இடங்களில் கமரா தீர்ப்புக் கூறாமல் நிற்பதையும் பாராட்டவேண்டும். எனினும் படத்தின் ஒட்டுமொத்தப் போக்கு அறையிலிருந்து வெளிக்கு என்ற ஒரே கோட்டில் அமைகின்றது. வேர்த்தவின் முதற் பாடலின் சாயலை அங்கே காணாதிருக்க எம்மால் இயலவில்லை. அவ்வீட்டைத் தாங்கிநின்ற பொருளாதாரம், அடைப்புக்கும் குடும்ப மானத்துக்கும் சொத்துக்கும் இடையிலுள்ள தொடர்பு ஆகியன, சல்மாவின் ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’ நாவலிலே விரிவாக வருகின்ற அளவுக்குப் படத்தில் வரவில்லை.

மற்றது தீபா தன்ராஜ் 2011 இல் எடுத்த படம். புதுக்கோட்டையை மையமாகக் கொண்டு தாவூத் சரீபா கானமும் தோழியரும் 2004 இல் அமைத்த தமிழ்நாடு முஸ்லிம் பெண்கள் ஜமாஅத் பற்றியது அது. இப்படத்தில் மினாராவும் பாங்கும் சுமக்கவேண்டிய சுமை குறைவு. படம் வழக்குகளைப் பின்தொடர்கின்றது. மஹர், வரதட்சணை, முத்தலாக், ஒரு பெண்ணின் மரணம், பொலிஸ் நிலையத்தின் வாசல். பெண்கள் பேசுகிறார்கள், மறுத்துப் பேசுகிறார்கள், குர்ஆனை முன்வைத்து வாதிடுகிறார்கள். நம்பிக்கை இங்கே நீங்கவேண்டிய இருளாகவும் இல்லை, அழகான மணியோசையாகவும் இல்லை. அது வாதத்தின் மொழியாக இருக்கின்றது. பணமும் வீடும் பிள்ளைகளின் உணவும் அதே வாதத்தினுள், அதே மூச்சில் வருகின்றன. சமயத்தையும் பொருள்வாழ்வையும் தொகுப்பாளர் வலிந்து ஒட்டவேண்டிய தேவை எழவில்லை. பேசுவோரின் பேச்சிலேயே அவை ஒட்டிக் கிடக்கின்றன. வெட்டாமல் விடும் துணிவொன்றே தேவைப்பட்டது. நேர்காணல்களில் பேச்சை இடையிலே வெட்டிவிட்டு, வெட்டு தெரியாமலிருக்கக் கைவிரல்களின் காட்சியையோ சன்னலின் காட்சியையோ செருகுவது தொகுப்பாளரின் அன்றாடத் தந்திரம். தஸ்பீஹ் உருட்டும் விரல்கள் எத்தனை படங்களில் எத்தனை வாக்கியங்களை விழுங்கியிருக்கும் என்று நாம் சில வேளைகளில் எண்ணுவதுண்டு.

இப்படத்தை இலங்கையிலே காண்பிக்கும்போது இன்னொரு கேள்வியும் எழும். 1951 ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் ஆண் முஸ்லிம் ஒருவரையே காதியாக நியமிக்க வகைசெய்தது. காதிமன்றின் முன் நிற்கும் பெண்ணின் பேச்சை அத்துணை நீளமாகக் கேட்கும் சப்பிரகமுவப் படம் ஒன்று எப்பொழுது வரும்? இதை இங்கு குறிப்பிட்டுவிட்டு அமைகிறோம். தனிக் கட்டுரைக்குரிய பொருள் அது.

மொழியைப் பற்றிச் சிறிது கூறல்வேண்டும். சப்பிரகமுவ முஸ்லிம் ஒருவர் வீட்டிலே தமிழ் பேசுகிறார்; கடையிற் சிங்களம் பேசுகிறார்; தொழுகையில் அரபு ஓதுகிறார். ஒரே மணித்தியாலத்துள் மூன்றும் நிகழும். லயனிலிருந்து வருபவரைக் கண்டதும் அவருடைய தமிழின் சாயலே சற்று மாறிவிடும். இம்மாற்றங்களே அவருடைய அடையாளம் எனலாம்; அடையாளம் என்று அவர் வாய்திறந்து சொல்லும் வாசகங்களிலும் பார்க்க இவற்றிலேதான் அது புலனாகின்றது. தொலைக்காட்சித் தொகுப்பு இவற்றின்மேல் ஒரே மொழியிலான பின்னணிக் குரலைப் பூசிவிடுகின்றது. மொழியைப் பெயர்க்கும்போதும் துண்டாடும்போதும் நேரக்கூடிய கேட்டுக்கு அண்மைய உதாரணம் கவிஞர் அஹ்னாப் ஜசீம். ‘நவரசம்’ என்ற அவருடைய தமிழ்க் கவிதை நூலிலிருந்து பிரித்தெடுத்துப் பிழைபட மொழிபெயர்க்கப்பட்ட பகுதிகள் தீவிரவாதத்துக்குச் சான்றாகக் கொள்ளப்பட்டன. 2020 மே மாதத்திற் கைதுசெய்யப்பட்ட அவர் 2021 டிசம்பரிலேயே பிணை பெற்றார்; 2023 இல் விடுதலையானார். நூலை முழுமையாகத் தமிழிற் படித்த எவரும் அவற்றை அவ்வாறு கொண்டிரார். ஒரு வெட்டுக்கு ஒன்றரை ஆண்டுச் சிறை.

தமிழ்ச் சங்கங்களின் சார்பிலும் ஒரு குற்றத்தை ஒப்புக்கொள்ளவேண்டியுள்ளது. தமிழ்பேசும் மக்கள் என்ற தொடரை மேடைகளில் உரக்கச் சொல்லும் நாம், எமது ஆய்விதழ்களில் சப்பிரகமுவத் தோட்டத்துத் தமிழையும் மாவனல்லை, பலாங்கொடை முஸ்லிம்களின் தமிழையும் எத்தனை பக்கங்களுக்கு அனுமதித்திருக்கிறோம்?

கூரகலவைப் பற்றி இனி எவரேனும் படம் எடுப்பரேல், அவர்கள் பலாங்கொடை பஸ் நிலையத்திலிருந்து தொடங்குவார்களாக. தேயிலைச் சரிவுகளினூடாகச் செல்லும் அந்த பஸ்ஸில் கொழுந்துச் சாக்கும் இருக்கும், யாத்திரிகரின் மூட்டையும் இருக்கும். ரைட் இரண்டு அறைகளில் வைத்தவை அங்கே ஒரே ஆசனத்தில் அமர்ந்திருக்கின்றன. படங்கள் வழக்கமாக பஸ் வந்து நின்றபின்னரே தொடங்குகின்றன.

முடிவான படத்தோடு, வெட்டப்பட்டவையும் எங்காவது இருத்தல்வேண்டும். பெலிஹுல்ஓயாவிலுள்ள சப்பிரகமுவப் பல்கலைக்கழகம் கூரகலவுக்கு அண்மையில் உள்ளது. பேராதனையும் தொலைவில் இல்லை. இந்நிறுவனங்களின் நூலகங்கள் ஆவணப்படங்களின் முழுப் பதிவுகளையும் ஏற்றுப் பேணுவது இன்றைய தொழில்நுட்பத்தில் அரிய காரியமன்று. இதிலே ஓர் இடர் உண்டு என்பதையும் நாம் மறக்கவில்லை. 2019 இன் பின் நிகழ்ந்தவற்றைக் கண்ட ஒருவர், தம் முழுப்பேச்சும் ஒரு பேழையில் இருப்பதை விரும்பாதிருக்கலாம். யார் திறக்கலாம், எப்பொழுது திறக்கலாம் என்பதைப் பேசியவரே தீர்மானிக்கும் விதி வகுக்கப்படல் வேண்டும். பதிவு ஐம்பது மணித்தியாலமாயின் ஐம்பதும், பேசியவரின் மொழியிலேயே எழுதப்பட்ட படியும், அவர் அன்று எந்த வேலையை விட்டு வந்து கமராவின் முன் அமர்ந்தார் என்ற குறிப்பும் உடனிருத்தல் வேண்டும்.